மனுஷியிடம் தோற்ற கடல்சிங்கம்

ஜூலை 19

கோடை விடுமுறையின் முதல் பந்தயம். வழக்கம்போல் தோற்றேன். தோற்பதற்குத்தானே சம்பளம். பிள்ளைகள் "மனுஷி, விடாதே!" என்று கத்த, நான் பாதிக் குளம் தாண்டுவதற்குள் எங்கள் கடல்சிங்கம் கோந்தா எதிர்ச்சுவரைத் தொட்டுவிட்டு எனக்காகக் காத்திருப்பான்.

எங்கள் மீன்காட்சியகத்தின் வாசல் பலகையில் நீந்தும் வேகத்தை வரிசைப்படுத்தி வரைந்திருக்கிறார்கள். மேலே சூரை மீன், கடல்சிங்கம், பென்குயின். எல்லோருக்கும் கீழே தொப்பி போட்ட மனிதன், மணிக்கு எட்டு கிலோமீட்டர். அதுவும் உலகத்தின் வேகமான ஆளுக்கு! நாற்பத்தொரு வயதுக்காரிக்கு அதில் பாதி இருந்தால் பெரிது.

ஜூலை 27

வலது தோளில் வலி. வெந்நீரில் ஊறிப் பார்த்தேன். கேட்கவில்லை.

ஆகஸ்ட் 3

இன்று கோந்தா ஒரு உடல் நீளம்தான் முந்தினான். முன்பெல்லாம் அம்பு மாதிரி போவான். கிழவனாகிவிட்டானா? பந்தயத்துக்கு ஆகாது என்று தெரிந்தால் மலைப்பக்கத்துப் பூங்காவுக்கு அனுப்பிவிடுவார்கள். போன வருஷம் ஹனா என்ற கிழட்டுக் கடல்சிங்கத்தை அனுப்பினார்கள். பார்க்கப் போனேன். சிமெண்டுத் தொட்டிக்குள் சுவரைப் பார்த்துக் கிடந்தது.

யாரிடமும் சொல்லப்போவதில்லை. நாளையிலிருந்து நான் மெதுவாக நீந்தினால் போயிற்று.

ஆகஸ்ட் 10

மெதுவாகத்தான் நீந்தினேன். அவன் அதைவிட மெதுவாக வருகிறான். ஏன்டா இப்படிப் பண்ற?

ஆகஸ்ட் 14

ஓபோன் பண்டிகைக் கூட்டம். உட்கார இடமில்லை.

ஜெயித்துவிட்டேன். கடைசியில் காலில் ஏதோ இடித்தது, நிமிர்ந்தால் என் கை சுவரில் இருக்கிறது, கோந்தா எனக்குப் பின்னால். கைதட்டல்கூட இல்லை. "அம்மா, அதுக்கு உடம்பு சரியில்லையா?" என்று ஒரு குழந்தை கேட்டது.

எங்கள் தலைமைப் பயிற்சியாளர் இவாமுரா சிரித்துக்கொண்டேதான் வந்தார். "ஏம்மா கயோ, நீ ஜெயிச்சா நம்ம பொழப்பு என்னாகுறது?" அப்புறம் சிரிப்பை நிறுத்திவிட்டு, "டாக்டரை வரச் சொல்றேன்" என்றார்.

போச்சு. எல்லாம் போச்சு.

ஆகஸ்ட் 16

டாக்டர் நிஷிகி கோந்தாவைப் புரட்டிப் புரட்டிப் பார்த்தார். "இவனுக்கு ஒரு கேடும் இல்ல. கல்லு மாதிரி இருக்கான். ஜெயிச்சா எப்ப மீன் குடுப்பீங்க?"

"ரெண்டு பேரும் சுவரைத் தொட்டப்புறம்தான்" என்றார் இவாமுரா. "சேர்ந்து நின்னாத்தான் ஜனங்க போட்டோ எடுக்க முடியும்."

"அப்புறம் அவன் எதுக்கு ஓடணும்? இவங்க வந்து சேர்ந்தாத்தானே அவனுக்கு மீனு!"

குளத்தின் கண்ணாடிச் சுவருக்கு அந்தப் பக்கமிருந்து அன்று எடுத்த வீடியோவைப் போட்டுக் காட்டினார்கள். நான் தத்தளிக்கிறேன். கோந்தா பாதியில் திரும்பி வருகிறான், என் பாதத்தில் மூக்கை வைக்கிறான், சுவர் வரைக்கும் தள்ளிக்கொண்டே போகிறான்.

டாக்டர் என் பக்கம் திரும்பினார். "அந்தக் கையைக் கொஞ்சம் மேல தூக்கும்மா."

காது உயரம்கூட வரவில்லை. எல்லார் முன்னாடியும் அழுதுட்டேன். அவனை அனுப்ப மாட்டாங்கன்னு சந்தோஷமா, இல்ல எனக்காகவா — தெரியல. இவாமுரா துண்டை நீட்டினார். "இத்தனை நாள் சொல்லாம இருந்தியே, பைத்தியக்காரி" என்றார்.

ஆகஸ்ட் 19

தோளில் தசைநார் கிழிந்திருக்கிறதாம். இனிப் பந்தயம் இல்லை.

ஆகஸ்ட் 24

மிஹோ நீந்தினாள். நல்ல பெண், நல்ல கை வீச்சு. எனக்கு மீன் வாளி. இனிமேல் சுவரைத் தொட்ட உடனே மீன் என்று விதியை மாற்றியாயிற்று.

ஊதல் கேட்டதும் பறந்தான். எத்தனை நாளாயிற்று அவன் அப்படிப் போய்ப் பார்த்து! மிஹோ கால்வாசி தூரம்கூட வரவில்லை. பிள்ளைகள் குதித்தார்கள். கானாங்கெளுத்தியை நீட்டினேன், வாங்கி விழுங்கினான்.

விழுங்கிவிட்டுக் கரையேறி வந்து, என் ரப்பர் காலணியில் மூக்கை வைத்துத் தண்ணீர்ப் பக்கமாகத் தள்ள ஆரம்பித்தான்.

"போதும்டா" என்றேன். கேட்டால்தானே.