பதினான்கு மாதமும் ஓர் ஒழிநாளும்

சமையலறைக் கதவுக்குப் பின்னால் இருக்கும் ஆணியில் இன்று காலை என் மனைவி நகைக்கடை காலண்டரை மாட்டிவிட்டாள். "இனிமே இந்த வீட்டுல பன்னெண்டு மாசம்தான்" என்றாள். நாலு வருஷம் அந்த ஆணி உன்னுடையது. நீ செத்ததில் எங்களுக்கு ஒரு லாபம், ராகுகாலம் தெரிகிறது.

உன் நாவலில் வரும் உலகத்துக்காக நீ உண்டாக்கிய காலண்டர். பதினான்கு மாதம், மாதத்துக்கு இருபத்தாறு நாள். உலர்துணி, கதவடை, இரண்டாம் சளி என்று மாதப் பெயர்கள். கடைசியது மட்டும் அசல் பெங்களூர். ஞாயிற்றுக்கிழமையே கிடையாது. விவேக் நகரில் குழந்தை இயேசு கோயில் மணி கேட்கும் வீட்டில் உட்கார்ந்துகொண்டு ஞாயிற்றுக்கிழமையைத் தூக்கிய ஒரே கத்தோலிக்கன் நீதான். வருஷா வருஷம் சிவாஜிநகரில் இரண்டே பிரதி அடிப்பாய், உனக்கொன்று எனக்கொன்று.

எந்த மாதத்திலும் சேராமல் ஒரு நாள் மிஞ்சியது. ஒழிநாள். அன்று யார் என்ன சொன்னாலும் மறுநாள் விடியும்போது அழிந்துவிடும் என்பது உன் உலகத்துச் சட்டம். அதைப் பெங்களூருக்கு இறக்குமதி செய்தவன் நான். ஜூனில் அந்த நாள் வந்தால் பேக்கரியில் தேங்காய்ப் பூ அடைத்த ஒரு தில்பசந்தை ஆளுக்குப் பாதியாகப் பிய்த்துக்கொண்டு ஒருவரையொருவர் திட்டித் தீர்ப்போம். "உன் கட்டுரையில சிரிப்பு வர்ற ஒரே இடம் உன் ஃபோட்டோ, குரு" என்று நீ சொன்னதும் அப்படி ஒரு ஒழிநாளில்தான். மறுநாள் இருவரும் அதைப் பற்றிப் பேசவில்லை. எனக்கு மறக்கவும் இல்லை.

நாலாவது வருஷம் நாவலை முடித்து, படித்து முன்னுரை எழுதச் சொல்லி என்னிடம் கொடுத்திருந்தாய். பிரபலம் ஒருவர் முன்னுரை கொடுத்தால் போடுகிறேன் என்று பதிப்பாளர் சொல்லியிருந்தாராம். தமிழ்ச் சங்க மலரின் கடைசிப் பக்கத்தில் நகைச்சுவைக் கட்டுரை எழுதுகிறவனைப் பிரபலம் என்று நம்பினாய், பாவம். ஜூனில் நான் ஃபோன் செய்ததும் பேக்கரிக்கு ஓடி வந்தாய்.

"படிச்சியா?"

"படிச்சேன்டா. உன் உலகத்துல நாள் இருக்கு, கிழமை இருக்கு, ஆள்தான் ஒருத்தரும் இல்ல. பஞ்சாங்கத்துக்கு பைண்டிங் போட்டு நாவல்னு கொண்டாந்திருக்கே."

பக்கத்தில் டீ குடித்துக்கொண்டிருந்த இரண்டு பேர் சிரித்தார்கள். சிரிப்புச் சத்தம் கேட்டால் எனக்கு நிறுத்தத் தெரியாது. "உன்ன மாதிரியே இருக்குடா. எல்லாம் வரிசையா அடுக்கி வச்சிருக்கு, உசிருதான் இல்ல."

கடைக்காரர் எட்டிப் பார்த்து, "ஏன் சார், ஜகளவா?" என்றார். "சண்டை இல்லப்பா, விமர்சனம்" என்றேன். அதற்கும் சிரித்தார்கள்.

நீ விரலில் ஒட்டிய தேங்காய்ப் பூவைத் தட்டிவிட்டாய். "ஒழிநாள் நேத்து, குரு."

உன் உலகத்தில் பிப்ரவரி இருபத்தொன்பது கிடையாது. லீப் வருஷம் வந்தால் ஒழிநாள் நமக்கு ஒரு நாள் முன்னால் வந்துவிடும். அந்த வருஷம் லீப். நானோ என் கல்யாண நாளுக்கு மறுநாள் என்று குத்துமதிப்பாக வைத்திருந்தேன், திட்டுவதற்குத் தோதான மனநிலை அப்போதுதான் வரும் என்பதால்.

"நேத்து வந்து உக்காந்திருந்தேன். நீ வரல" என்றாய். "இன்னிக்கு நீ கூப்பிட்டதும் முன்னுரைக்குத்தான்னு நினைச்சேன். கதவுக்குப் பின்னாடி மாட்டித்தானே வச்சிருக்கே? ஒரு தடவை பாத்திருந்தா தெரியும்."

அதோடு நாவலைப் பற்றி நீ வாயே திறக்கவில்லை. எட்டு மாதத்தில் மாரடைப்பு. அதற்கும் என் பேச்சுக்கும் சம்பந்தமில்லை என்று டாக்டரே சொன்னதாகக் கேட்டவர்களிடமெல்லாம் சொல்லிக்கொண்டிருக்கிறேன். அந்த டாக்டரை நான் பார்த்ததே இல்லை.

முப்பதாம் நாள் பூசை முடிந்ததும் உன் மனைவி என்னைத் தனியாகக் கூப்பிட்டார். "அண்ணா, நான் கன்னட மீடியம். தமிழ் பேசத்தான் வரும், படிக்க வராது. அவரு எழுதினதுல என்னைப் பத்தி ஏதாவது இருக்கா, பாத்துச் சொல்லுங்க."

அன்றுதான் முழுதும் படித்தேன். ஆமாம், அன்றுதான். பேக்கரியில் நான் தீர்ப்புச் சொன்னது ஏழு பக்கத்தைப் படித்துவிட்டு. அந்த ஏழு பக்கமும் காலண்டர். எட்டாம் பக்கத்தில் ஆட்கள் வந்துவிடுகிறார்கள்.

வாய் திறக்கவே கூச்சப்படும் ஒருவன், ஒழிநாளில் மட்டும் மனைவியிடம் தன் ஆசையைச் சொல்கிறான். விடிந்ததும் அவளுக்கு மறந்திருக்கும் என்று நிம்மதியாக வேலைக்குப் போகிறான். அவளுக்கு மறப்பதே இல்லை. அடுத்த வருஷமும் அவன் சொல்லவேண்டும் என்பதற்காக மறந்தமாதிரி நடிக்கிறாள். உன் உலகத்தில் ஒருவர்கூட அந்த நாளைத் திட்டுவதற்குப் பயன்படுத்தவில்லை. அந்த யோசனை எனக்கு மட்டும்தான் வந்திருக்கிறது.

ஒரு வாரம் கழித்து விவேக் நகர் போனேன். உன் மனைவி டீயை வைத்துவிட்டு என் முகத்தையே பார்த்துக்கொண்டு நின்றார். இருக்கிறது என்று சொன்னால், பின்னே ஏன் அவரிடம் அப்படிச் சொன்னீர்கள் என்று கேட்பார்.

"இல்லம்மா. எல்லாம் நாள் கிழமைதான்" என்றேன்.

"அவரும் அப்படித்தான் சொன்னாரு. குரு சொன்னா சரியாத்தான் இருக்கும்னாரு." இன்னும் இரண்டு பிஸ்கட் எடுத்து என் தட்டில் வைத்தார்.

இந்த மடலைச் சங்க மலருக்குக் கொடுக்கிறேன். உன் வீட்டில் இனி தமிழ் வாசிக்க ஆளில்லை என்ற தைரியம்தான். யாராவது வாசித்துக் காட்டிவிடுவார்களோ என்று பயமாக இருக்கிறது. காட்டட்டுமே என்றும் இருக்கிறது. நானே போய் அந்த எட்டாம் பக்கத்தை உன் மனைவிக்கு வாசிக்கலாம். என் வீடிருக்கும் ஸ்ரீராம்புரத்திலிருந்து இரண்டு பஸ். இரண்டு முறை முதல் பஸ்ஸில் மட்டும் ஏறியிருக்கிறேன்.