எட்டுக்காலி திரும்பி வருகின்றது

மழை பிழையாது பெய்க. மலையும் ஆறும் தத்தம் எல்லையில் நின்று வாழ்க. கொடுமலை நாடுடைய கோமான், வேங்கைக் கொடி உயர்த்தவர், எதிர்த்தார்க்கு இடியும் அடுத்தார்க்கு நிழலுமாகிய பெருந்தோள் மாவலங்கோ அடிகள் திருவடி நிழலுக்கு, நீர்முள்ளி நாட்டு வளைகரைக் கோயிலிலிருந்து தங்கள் தங்கை கருவிளைமாதேவியார் அருளிச்செய்ய, ஓலைநாயகம் கூத்தன் நெடியான் வணங்கி எழுதும் ஓலை. தங்கள் நாட்டுத் தினை முற்றுக, தேன் நிறைக, மருமக்கள் மூவரும் நோயின்றி வளர்க.

தேவியாரின் கணவராகிய எம் கோமான் விண்ணுலகு புக்க அன்று இரு நாட்டாரும் கூடிச் செய்த உடன்படிக்கை தாங்கள் அறிந்ததே. இளவரசி வெட்சிநங்கைக்கு ஆறாம் வயது பிறந்ததும் பெயரோலக்கம் என்னும் பேரவை கூட்டுவது. கொடுமலைத் தூதர் முன்னிலையில் பிள்ளை அரும்பொருள்களைக் கண்டு அவற்றின் பெயர் சொல்வது. சொன்னால் அவளே இந்நாட்டின் இளவரசி. சொல்லத் தவறினால் அவள் தாய்மாமனாகிய தங்கள் அரண்மனையில் வளர்வாள். அவள் பருவம் எய்தும்வரை இச்சிங்காதனத்தில் தாங்களே வீற்றிருப்பீர்கள். அந்த ஓலக்கம் கூடிக் கலைந்தது. நடந்ததை நடந்தபடி எழுதவும், பிள்ளையின் மழலையை அடியேன் இலக்கணம் பார்த்துத் திருத்தாமல் இருக்கவும் தேவியார் ஆணை. ஆதலின் இவ்வோலையில் ஆங்காங்கே தெருத்தமிழ் தலைகாட்டும், பொறுத்தருள்க.

தேவியார் பட்ட பாட்டை முதலில் சொல்ல வேண்டும். தங்கள் மக்கள் மூவரும் நிகண்டு நூறு பாட்டையும் தடையின்றி ஒப்பிக்கின்றனர் என்று தாங்கள் எழுதும்போதெல்லாம் அவர் மகிழ்ந்து மறுமொழி விடுப்பார். விடுத்துவிட்டுத் தம் மகளைப் பார்த்துப் பெருமூச்சு விடுவார். வெட்சிநங்கைக்கு முதற்பாட்டே நாவில் ஏறவில்லை. பாட்டைத் தொடங்கினால், "ஏன் யானைக்கு அத்தனை பேரு?" என்பாள். மாடத்திலிருந்து அகப்பையைப் போடுவாள். பிறகு பஞ்சுத் தலையணையைப் போடுவாள். இரண்டும் விழும் ஓசையைக் கேட்டுவிட்டு மீண்டும் அகப்பையைத் தேடி ஓடுவாள். அடுக்களையில் முழுப்பாத்திரம் மிச்சமில்லை என்று செவிலி சாத்தி நாள்தோறும் முறையிடுவாள். பிள்ளை மந்தமோ என்ற சொல் அரண்மனையில் வாய்க்கு வாய் உலவியது. பெற்ற வயிறு என்ன பாடுபடும் என்று அடியேன் எழுதித் தாங்கள் அறிய வேண்டுவதில்லை.

இந்நிலையில் தங்கள் தூதர் அருங்கலவிநீதர் வந்து சேர்ந்தார். ஆன்ற புலவர்; சிரிப்பு என்பதை விலைகொடுத்து வாங்கவேண்டிய முகத்தர். கூடவே, பிள்ளையை ஏற்றிச் செல்லத் தாங்கள் அனுப்பிய முத்துச் சிவிகையும் வந்தது. ஓலக்கம் கூடுமுன்பே சிவிகை வந்துவிட்டதே அண்ணா, இதுதான் உடன்பிறப்பின் நம்பிக்கையா என்று தேவியார் கேட்கச் சொன்னார், கேட்டுவிட்டேன்.

நால்வர் சுமந்து அச்சிவிகை வாயிலுள் நுழைந்தபோது வெட்சிநங்கை கைகொட்டி, "சாத்தி, எட்டுக்காலி வருது!" என்று கூவினாள். காவலர் முதல் கணக்கர் வரை சிரித்தனர். சிவிகை என்று முப்பது முறை சொல்லிக்கொடுத்தும் இப்படியா என்று தேவியார் தலைகுனிந்தார். தூதர் பிள்ளையை உற்றுநோக்கினார். சுமந்தவர்கள் சிவிகையை இறக்கிவைத்துக் கஞ்சி குடிக்கச் சென்றனர். பிள்ளை அதனுள் ஏறி அமர்ந்து, நட என்றாள், அது நடக்கவில்லை. இறங்கிச் சுற்றிவந்து பார்த்தாள். பிறகு தூதரிடமே சென்று, "காலெல்லாம் கஞ்சி குடிக்கப் போயிருச்சு, அதான் நடக்கல" என்று தெரிவித்தாள்.

மறுநாள் ஓலக்கம் கூடியது. முதலில் கவரியைக் காட்டினர், ஈயோட்டி என்றாள். வெண்கொற்றக்குடையைக் காட்டினர்; நிழல்தூக்கி என்றாள். ஐயையோ என்று அவையில் யாரோ முணுமுணுத்தது தூணில் பட்டுத் திரும்பிவந்து கேட்டது. தாங்கள் அனுப்பிய சிவிகை வாயிலில் நிற்பது தேவியாரின் இருக்கையிலிருந்து தெரியும், அதையே பார்த்துக்கொண்டிருந்தார். அவளில்லாத அரண்மனையில் உடையாத பாத்திரங்களை வைத்துக்கொண்டு நான் என்ன செய்வேன் என்று அவர் அடியேனிடம் மெல்லக் கேட்டார்.

எஞ்சியது, மரச்சிங்கங்கள் தாங்கும் சிங்காதனம் ஒன்றே. கோமான் மறைந்த நாள்முதல் அதில் எவரும் அமர்ந்ததில்லை. தேவியார் அருகில் தாழ்ந்த இருக்கையில் இருந்தே அரசு நடத்துகிறார். பட்டு விரிப்புத் தரைவரை தொங்க, நாளும் பூச்சூட்டி வணங்குவதே எம் வழக்கம். சிங்காதனம் என்ற அந்த ஒரு சொல்லையேனும் பிள்ளை சொல்லிவிடட்டும் என்று சாத்தி தான் அறிந்த தெய்வங்களையெல்லாம் அழைத்துக்கொண்டிருந்தாள்.

வெட்சிநங்கை சொல்லவில்லை. மண்டியிட்டுப் பட்டு விரிப்பைத் தூக்கி அடியில் நுழைந்துவிட்டாள். அவை காத்திருந்தது. நெடுநேரம் கழித்துத் தலையில் ஒட்டடையோடு வெளிவந்து, இடுப்பில் கைவைத்து, "இது பதினஞ்சுகாலி" என்றாள்.

அவை வெடித்துச் சிரித்தது. அடியேனும் சிரித்தேன், அதை மறைக்க மாட்டேன். தேவியார் கண்களை மூடிக்கொண்டார். தூதர் மட்டும் சிரிக்கவில்லை. சிங்கம் எத்தனை என்று வினவினார், நாலு என்றாள். நான்கு சிங்கத்திற்குக் கால் எத்தனை என்றார். விரல்களை மடக்கி, விரல் போதாமல் சாத்தியின் கையையும் இழுத்து எண்ணி, "பதினாறு. ஆனா இதுக்குப் பதினஞ்சுதான். வேணும்னா நீங்களும் உள்ள வாங்க" என்றாள்.

கொடுமலை நாட்டின் பெரும்புலவர் மண்டியிட்டு உள்ளே போனார்! வெளிவந்தபோது அவர் கையில் ஒரு சிங்கக்கால் இருந்தது. பின்புறச் சிங்கத்தின் கால் கறையான் அரித்துக் கழன்று கிடந்திருக்கிறது. எஞ்சிய கால்களிலும் அரிப்பு ஏறியிருந்தது. பூச்சூட்டிய நாங்கள் எவரும் விரிப்பைத் தூக்கிப் பார்க்கவில்லை. சற்றே கனத்த உடம்பு அதில் அமர்ந்தாலும் அமர்ந்தவர் தரையில் உருண்டிருப்பார் என்று அதைக் கண்ட தச்சர் கூறினார். தங்கள் திருமேனியின் பெருமை இரு நாடும் அறிந்தது. மேற்கொண்டு அடியேன் எழுதவில்லை.

பின்னர்த் தூதர் சாத்தியை அழைத்து, எட்டுக்காலி என்ற சொல்லை யார் கற்பித்தது என்று வினவினார். "சத்தியமா நான் இல்லீங்க சாமி. முக்காலி, நாற்காலி, இந்த ரெண்டுதான் நான் சொன்னது" என்று அவள் கைகூப்பினாள். அப்பொழுது அவர் அவையை நோக்கி உரைத்ததை எழுதுகிறேன்: கொடுத்த சொல்லைக் கொடுத்தபடி திருப்பித் தருவது கிளிப்பிள்ளைக்கும் கூடும். இப்பிள்ளை இரண்டு சொல்லைக் கேட்டாள். அவற்றுள் ஒளிந்திருந்த வழியைத் தானே கண்டாள். அவ்வழியே நடந்து, எவரும் தராத மூன்றாம் சொல்லை ஆக்கினாள். ஆக்கியதோடு நில்லாமல் ஏறி அமர்ந்து சோதித்தாள், எண்ணிப் பார்த்தாள். நீங்கள் குறைசொல்லும் அகப்பையும் தலையணையும் விழுந்ததும் இதற்கே. நாமெல்லாம் பெயரைக் கற்றோம். இவள் பொருளைக் கற்கிறாள். இவள் மந்தமென்றால் நான் எழுத்தறியாதவன். இவளே இந்நாட்டின் இளவரசி.

சொல்லி முடித்து அவர் சிரித்தார். ஆம், சிரித்தார், அவைமுழுதும் சான்று.

தேவியார் எழுந்தோடி மகளை வாரியெடுத்து, ஒட்டடைத் தலையில் முத்தமிட்டு, "என் ராசாத்தி, இனி வேணுங்கிற பாத்திரத்தை உடை!" என்று அவையறிய உரக்கச் சொல்லி அழுதார், சிரித்தார். முரசம் முழங்கியது. அன்று வளைகரையில் விளக்கு ஏற்றாத வீடில்லை.

ஆதலின் தேவியார் அருளிச்செய்வன: முத்துச் சிவிகை திரும்பி வருகின்றது. அதில் பிள்ளை இல்லை. பட்டில் பொதிந்த சிங்கக்கால் உள்ளது. வேங்கைமரமும் கைத்திறனும் தங்கள் நாட்டில் மிகுதி. அளவு பார்த்துப் பழுதுபட்ட கால்களுக்குப் புதுக்கால் செய்வித்து அனுப்புக. மருமக்கள் மூவரையும் அனுப்புக; நூறு பாட்டு அறிந்தவர்கள் சிறிது ஓடி விளையாடவும், ஏன் என்று கேட்கவும் இங்கே இடமுண்டு. பழைய பாத்திரம் கொண்டுவந்தால் நன்று. தாங்களும் எழுந்தருளுக, அண்ணன் மீது தங்கைக்கு அன்பு குறையவில்லை, கொஞ்சம் கோபம் கூடியிருக்கிறது, அவ்வளவே.

தங்கள் சொந்தச் சிவிகையை எண்மர் சுமப்பர் என்று தங்கள் ஆட்கள் சொல்லக் கேட்டதுமுதல் வெட்சிநங்கை வழிபார்த்து நிற்கிறாள். இவ்வோலைக்கு அரக்கிட்டபோது முத்திரையைத் தானே பதிப்பேன் என்று அடம்பிடித்துப் பதித்தாள். சற்றுச் சாய்ந்திருப்பது அதனாலே. பதித்துவிட்டு அவள் சொன்னதைச் சொன்னபடி எழுதுகிறேன்: "மாமா அவரோட பதினாறுகாலியில வரட்டும். ஆனா நம்ம பதினஞ்சுகாலியில மட்டும் உக்காரச் சொல்லாதீங்க. விழுந்துருவாரு."

இஃது எம் இளவரசியார் இட்ட முதற்கட்டளை. இதனை மீறலாகாது.