கூப்பர் ஆற்றில் தண்ணீர்

அடிலெய்ட்
மே 9

அன்புள்ள மெரன்,

ஆறு மாதம் ஃபோன் பண்ணாதே என்றாய். கடிதம் எழுதாதே என்று சொன்னதாக ஞாபகம் இல்லை. வாரம் ஒருமுறை நீ வேலைக்குப் போன மாட்டுப் பண்ணையில் தபால் விமானம் இறங்கும்போது, உனக்கு மட்டும் ஒன்றுமில்லாமல் போகலாமா?

பஸ் ஓட்டுகிறேன். வீட்டுக்கு வந்து, மறந்துபோய் இரண்டு பேருக்குச் சமைக்கிறேன். அக்கா கேட்கிறாள்: "ஏன்டா, ஏழு வருஷம் ஒண்ணா இருந்துட்டு இது என்ன லீவா, ராஜினாமாவா?" கல்யாணப் பேச்சை நான் எடுத்ததுதான் தப்பா?

கம்பளிச் சட்டை எடுத்துப் போனாயா?

உன்,
யூவன்


பண்ணை
ஜூன் 2

அன்பு யூவன்,

சட்டை இருக்கிறது. திட்டுவதற்குத்தான் உறையைப் பிரித்தேன், ராஜினாமாவில் சிரித்துவிட்டேன்.

நீ கேட்டதில் தப்பில்லை. கேட்டபோது எனக்குச் சந்தோஷம் வந்திருக்க வேண்டும். வரவில்லை. ஏன் என்று தெரிந்துகொள்ளத்தான் பதினான்கு பேருக்குச் சமைக்க இங்கே வந்தேன். இன்னும் தெரியவில்லை.

இங்கே ஒரே பேச்சு, தண்ணீர். பிப்ரவரியில் எங்கோ வடக்கே குயின்ஸ்லாந்தில் பெய்த மழை கூப்பர் ஆற்றில் இறங்கி, இப்போதுதான் எங்களை நெருங்குகிறதாம். ஒன்பது வருஷமாகக் காய்ந்த ஆறு. வானத்தில் ஒரு மேகம்கூட இல்லை. யார் நம்புவார்கள்?

மெரன்


பண்ணை
ஜூன் 24

யூவன்,

வந்துவிட்டது. ரொட்டி அடுப்பில் இருந்தது. பண்ணைக்காரி குவெண்டா கத்தினாள்: "ஏ பொண்ணே, கருகினா கருகட்டும், ஓடி வா!"

பாய்ந்து வரும் என்று நினைத்திருந்தேன். நடந்து வந்தது. நம் நடையைவிட மெதுவாக, பழுப்பு நுரையும் சுள்ளியும் தள்ளிக்கொண்டு. அதற்கு முன்னால் ஆயிரக்கணக்கில் சிலந்திகள் ஓடின. தரை வெடிப்புகளுக்குள் தண்ணீர் இறங்க இறங்க, உள்ளிருந்த காற்று சீறிக்கொண்டு வெளியே வந்தது. எழுபது வயது குவெண்டா தொப்பியைக் கழற்றிக் கையில் பிடித்துக்கொண்டாள். முழங்கால் நனையும்வரை நான் நகரவே இல்லை. மறுநாள் விடியும்போது கூழைக்கடாக்கள். கடல் எங்கேயோ இருக்கிறது; இங்கே தண்ணீர் வந்ததை அவற்றுக்கு யார் சொன்னது?

எழுதக் கை வரவில்லை, ஆனாலும் நீ தெரிந்துகொள்ள வேண்டும். இதெல்லாம் நடந்து ஆறு நாள் ஆகிறது. இன்று உன் கடிதம் கண்ணில் பட்டபோதுதான், இதை உனக்குச் சொல்ல வேண்டும் என்று ஒருமுறைகூடத் தோன்றவில்லை என்பது உறைத்தது. உன்மேல் கோபம் எதுவும் இல்லை. அதுதான் பயமாக இருக்கிறது.

மெரன்


அடிலெய்ட்
ஜூலை 28

அன்புள்ள மெரன்,

முதலிலேயே சொல்லிவிடுகிறேன். இடைவெளி போதும், முடித்துக்கொள்வோம். உன் பெட்டிகளைத் தபால் விமானத்தில் அனுப்புகிறேன்.

உன் கடிதத்தைப் படித்துவிட்டு இரண்டு வாரம் அதைச் சட்டைப் பையிலேயே வைத்துக்கொண்டு பஸ் ஓட்டினேன். போன ஞாயிறு, வெள்ளத்தைச் சுற்றிக் காட்டும் சின்ன விமானத்தில் இடம் பிடித்தேன். தண்ணீரைப் பார்க்க அல்ல, உன்னிடம் கெஞ்ச. என்ன பேசுவது என்று மனப்பாடம்கூடப் பண்ணியிருந்தேன்.

மேலே போனதும் எல்லாம் மறந்துவிட்டது. சிவப்பு மணலுக்கு நடுவே கரை தெரியாத தண்ணீர், அதற்குள் முழு வானம். எங்களுக்குக் கீழே கூழைக்கடாக்கள் ஒன்றாகத் திரும்பின. பக்கத்து இருக்கைப் பெரியவர் அழுதுகொண்டிருந்தார். கைக்குட்டை கொடுக்கப் போனேன். என் முகமும் நனைந்திருந்தது. இதன் நடுவே நிற்கிறவளை, வீட்டுக்கு வா என்று எந்த வாயால் கூப்பிடுவேன்?

பண்ணையின் தகரக் கூரை தெரிந்தது. விமானி கேட்டான்: "கீழ தெரிஞ்சவங்க இருக்காங்கன்னு சொன்னீங்களே, இறக்கட்டுமா?"

"வேண்டாம்ப்பா. அவ நல்லா இருக்கா."

இன்னும் ஒரே ஒரு சுற்று சுற்றச் சொன்னேன்.

யூவன்