டோனட் ஓட்டையை அடைத்தவள்

ஆகஸ்ட் 18, திங்கள்

விடியும்போதே புழுக்கம். ஓர் இலை அசையவில்லை. கேஸ் புக் பண்ண வேண்டும். ஜெனிக்கு ஜாமெட்ரி பாக்ஸ்.

ஆறரை பஸ். முதுநகரில் ஏறியபோதே உட்கார இடம். பக்கத்தில் இரண்டு காலேஜ் பெண்கள், ஒரே ஃபோனில் தலையைச் சேர்த்துக்கொண்டு. ஆலப்பாக்கம் தாண்டும்போது அந்த ஃபோனிலிருந்து தெரிந்த குரல். செல்வம். எங்கள் ஓனர். சிதம்பரம் ரயிலடிப் பக்கம் கஃபே வைத்திருப்பவன். அங்கே மூன்று வருஷமாக நான்தான் சமையல்.

எட்டிப் பார்த்தேன். டோனட் பர்கர். போன வாரம் ஒருவன் கேமராவோடு வந்து எடுத்துக்கொண்டு போனானே, அந்த வீடியோ.

"இந்த ஐடியா எப்படி ப்ரோ வந்துச்சு?"

"ஒரு நாள் காலைல தோணுச்சு ப்ரோ. இனிப்பும் காரமும் ஏன் ஒண்ணா இருக்கக் கூடாதுன்னு. நானே கண்டுபிடிச்சது. என் சொந்த ரெசிப்பி."

கண் இமைக்காமல் சொல்கிறான். அவன் பேசிக்கொண்டிருக்க, கீழே ஒரு கை டோனட்டைக் குறுக்கே அறுக்கிறது, கல்லில் போடுகிறது, வெல்லப்பாகு தடவுகிறது. மணிக்கட்டில் எண்ணெய் சுட்ட தழும்பு. என் கை. முகம் இல்லை, பெயர் இல்லை. கை மட்டும்.

பக்கத்துப் பெண்: "செம மூளைடி அந்த அண்ணாவுக்கு."

ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டேன். பி.முட்லூர் வரை திரும்பவே இல்லை.

கடைக்குப் போனால் அவன் இல்லை, ஏதோ கல்யாணமாம். மாவை வேண்டியதற்கு மேல் அடித்துப் பிசைந்திருக்கிறேன். இன்றைய டோனட் எல்லாம் ரப்பர். அந்தக் கணக்கும் அவன் பேரில்.

(இனிமேல் செ. என்றுதான் எழுதப்போகிறேன். முழுப் பெயர் எழுத மனசு வரவில்லை.)

ஆகஸ்ட் 19, செவ்வாய்

கேட்டுவிட்டேன். கடை திறந்து பத்து நிமிஷத்தில்.

"தம்பி, வீடியோ பாத்தேன்."

"பாத்தீங்களாக்கா? சூப்பரா வந்திருக்குல்ல?"

"நீயே கண்டுபிடிச்சேன்னு சொல்லிருக்க."

"அய்ய, அது மார்க்கெட்டிங்க்கா. ஓனர் பேர்ல சொன்னாதான் கடைக்கு ஒரு இது. படம் ஓடுனா ஹீரோ பேரத்தான சொல்றாங்க? லைட் புடிச்சவன் பேர யாரு சொல்றா?"

நான் லைட் பிடித்தவளாம். சொல்லிவிட்டு, அக்கா ஒரு டீ என்றான். போட்டுக் கொடுத்தேன். அதை நினைத்தால்தான் ஜாஸ்தி ஆத்திரம். அந்தக் கோபத்திலும் இஞ்சி தட்டிப் போட்டிருக்கிறேன்.

மறந்து போகும் முன் எழுதி வைக்கிறேன். இந்தப் பர்கருக்காகக் கோடையில் பட்ட பாடு:

ஒன்று. பாண்டியிலிருந்து வாங்கி வந்த டோனட். கடித்ததும் மேல் கோட்டிங் உருகி முழங்கை வரை வழிந்தது.

இரண்டு, மூன்று. நானே சுட்டது. சர்க்கரை பாதி. சூட்டோடு அறுத்ததில் அப்பளமாக நசுங்கியது. மூன்று மணி நேரம் ஆறவிட வேண்டும் என்று தெரிய ஒரு வாரம்.

நான்கிலிருந்து எட்டு வரை புளிமிளகாய் சாஸில் ஊறிக் கூழ். அறுத்த பக்கத்தை வெண்ணெய் போட்டுக் கல்லில் முறுகவிட்டதும் ஊறுவது நின்றது.

சிக்கனில் மசாலா குறைத்தால் கேக் மாதிரி இருக்கிறது, கூட்டினால் டோனட்டின் ருசியே போச்சு. மிளகு, சோம்பு, சின்ன வெங்காயம், அவ்வளவுதான். பாகை மேலே மட்டும் தடவ வேண்டும், மெல்லிசாக. நடுவில் எலுமிச்சையில் ஊறிய வெங்காயம் இல்லாவிட்டால் மூன்றாவது கடியில் திகட்டும்.

எல்லாம் சரியாகியும் அந்த ஓட்டை. அடி டோனட்டின் ஓட்டை வழியாக சாஸ் நேராக மடியில். பதினாலாவது தடவை ஓட்டைக்குள் முட்டையை ஊற்றிக் கல்லில் வேகவிட்டேன். ஓட்டை அடைபட்டது.

இதில் செ. செய்தது: கெட்டுப் போனதையெல்லாம் தின்றான்.

ஆகஸ்ட் 20, புதன்

கரண்ட் இரண்டு மணி நேரம் இல்லை. மாவு அரைக்க முடியாமல் கோதுமை தோசை.

தட்டில் போடும்போது விஷயத்தைச் சொன்னேன். அருள் (இவருக்கு இந்த வாரம் காலை ஷிப்ட், அதனால் ராத்திரி வீட்டில்) கேட்டுக்கொண்டே சாப்பிட்டார். ஜெனிதான் ஆரம்பித்தாள். பதினோராம் வகுப்பு, எல்லாம் தெரியும்.

"அம்மா, டோனட் பர்கர் வெளிநாட்டுல எப்பவோ இருக்கும்மா. நீயே ஃபோன்ல போட்டோ பாத்துட்டுதான ஆரம்பிச்ச?"

அருள் சிரித்துவிட்டார். "அப்ப திருடன்கிட்ட திருடுன கத. விடு ரெஜினா. நமக்கு எதுக்கு வம்பு. வேல போச்சுன்னா?"

அடுத்த தோசை அவருக்குக் கிடையாது என்று அடுப்பை அணைத்தேன். "உங்களுக்கு இன்னா தெரியும்? இதுவரைக்கும் ஒரு வாய் தின்னு பாத்திருப்பீங்களா?"

"கறில இனிப்பா? எனக்கு ஆவாது."

"என்ன பொண்ணு பாக்க வந்தன்னிக்கு சொஜ்ஜியையும் பஜ்ஜியையும் ஒரே தட்டுல வச்சுத் தின்னது யாரு? ரெண்டாவது தட்டும் கேட்டு வாங்குனீங்க."

தானே எழுந்து போய் அடுப்பைப் பற்றவைத்துத் தோசை ஊற்றிக்கொண்டார்.

ஆனால் ஜெனி சொன்னது உறுத்துகிறது. உண்மைதான். பிப்ரவரியில் ஒரு போட்டோ பார்த்தேன். எந்த ஊர், யார் என்று தெரியாது. அந்தப் போட்டோ ஓட்டையைப் பற்றி ஒன்றும் சொல்லவில்லை. வெல்லமும் மிளகும் அதில் இல்லை. ஆனாலும் கண்டுபிடித்தேன் என்று நானும் சொல்லக் கூடாது. செய்து கொண்டுவந்தேன். அதை என்னிடமிருந்து யாரும் எடுக்கக் கூடாது. இவ்வளவுதான் நான் கேட்பது. அதிகமா?

ஆகஸ்ட் 21, வியாழன்

சாயங்காலம் தூறல். துணி நனைந்தது.

செ. துள்ளிக் குதித்துக்கொண்டு வந்தான். வீடியோ பார்த்துவிட்டு கடலூரில் ஒரு பெண்கள் கல்லூரியில் கூப்பிட்டிருக்கிறார்களாம். சனிக்கிழமை உணவுத் திருவிழா. மேடையில் செய்து காட்ட வேண்டும்.

"நான் மேடைல பண்ணிடறேங்க்கா. நீங்க பின்னால நின்னு எடுத்து எடுத்துக் குடுங்க போதும். ஒரு பேப்பர்ல வரிசையா எழுதிக் குடுத்துடுங்க, மனப்பாடம் பண்ணிடறேன்."

எழுத உட்கார்ந்தேன். முட்டை வரி வந்ததும் பேனா நின்றது. அதை மட்டும் விட்டுவிட்டால்? முந்நூறு பெண்கள் முன்னால் அவன் வெள்ளைச் சட்டையில் சாஸ் ஒழுகும். அதை நினைத்து ஒரு நிமிஷம் சந்தோஷமாகவே இருந்தேன். யாரிடம் சொல்ல.

எழுதிவிட்டேன். கல் சூடேறிய பிறகு டோனட்டை அழுத்திப் பிடித்து முட்டையை ஊற்றவும் என்று அடிக்கோடு போட்டு. அவனுக்காக இல்லை. அரைகுறையாக எழுதிக் கொடுத்தால் கெடுவது என் பண்டம்.

ஆகஸ்ட் 22, வெள்ளி

வேளாங்கண்ணிக்கு நடந்து போகிறவர்கள் ரோடு முழுக்க. காவிச் சேலை, தள்ளுவண்டியில் மாதா, ஸ்பீக்கர். பஸ் ஊர்ந்தது. அரை மணி லேட்.

கல்லாவில் உட்காருவது செ. வீட்டுக்காரி மகா. நல்ல பெண். "ஏங்க்கா ரெண்டு நாளா உம்முனு கீறீங்க?" என்றாள்.

"உன் வீட்டுக்காரரக் கேளு."

கேட்டாளா தெரியவில்லை. மத்தியானம் இரண்டு பேரும் பேசிக்கொள்ளவில்லை.

வாங்க: முட்டை 60. வெண்ணெய். டிஷ்யூ.

ஆகஸ்ட் 23, சனி

வரிசையாக எழுதிவிடுகிறேன்.

கல்லூரி ஆடிட்டோரியம், ஃபேன் பாதி ஓடவில்லை. மேடையில் நீள மேசை, கேஸ் அடுப்பு, தோசைக்கல். செ. புது ஏப்ரன், காலரில் மைக். அவனுக்குப் பின்னால் நான், அறுத்த டோனட், சிக்கன், வெங்காயம் எல்லாவற்றோடும். பேச்சு நன்றாகவே பேசினான். காலையில் தோன்றிய கதையை மறுபடி சொன்னான். இந்தத் தடவை மொட்டை மாடியும் சேர்ந்திருந்தது. பெண்கள் கை தட்டினார்கள்.

அப்புறம் கல் சூடேறும் முன்பே டோனட்டை வைத்தான். முட்டையை உடைத்து ஊற்றினான். அழுத்திப் பிடிக்கவில்லை. வெள்ளைக்கரு அடியில் நுழைந்து கல் முழுக்க ஓடியது. மூன்றாவது வரிசையில் கண்ணாடி போட்ட ஒரு பெண் எழுந்தாள்.

"சார், ஓட்டையில முட்ட எதுக்கு சார்?"

அவன் பேப்பரைப் பார்த்தான். எதற்கென்று நான் எழுதவில்லை. செய்தவளுக்குத் தெரியும் என்பதால் எழுதவில்லை.

"அது... புரோட்டீனுக்கும்மா."

புரோட்டீன். பதினாலு தடவை, ஒரு சேலை முழுக்கப் புளிமிளகாய் சாஸ் கறை, கடைசியில் புரோட்டீன்.

"ஒழுகாம இருக்கறதுக்கும்மா," என்றேன். மைக் இல்லாமலே கடைசி வரிசை வரை கேட்டிருக்கிறது.

மேடை ஓரத்தில் இருந்த பேராசிரியை, "நீங்க யாரும்மா?" என்றார்.

நான் வாயெடுக்கும் முன் செ.: "நம்ம ஹெல்ப்பர்தான் மேடம்."

அந்த இடத்தில்தான். திட்டமெல்லாம் போடவில்லை. அவன் கையிலிருந்த தோசைத் திருப்பியை வாங்கினேன். அவனும் கொடுத்தான், ஏன் கொடுத்தான் என்று அவனுக்கே தெரியாது. கல்லைச் சுரண்டினேன், துடைத்தேன், வெண்ணெய் போட்டேன். சூடேறக் காத்திருந்தேன். அந்த நேரம் ரொம்ப நீளம். அதற்குள் பேசிவிட்டேன்.

"நான் ரெஜினா. இந்தப் பர்கர நாந்தான் செஞ்சு செஞ்சு பாத்தேன். போட்டோ எங்கியோ பாத்ததுதான், ஐடியா என்னுது இல்ல. ஆனா இத நிக்க வச்சது நான். பாருங்க, இப்பிடி அமுக்கிப் புடிக்கணும்."

முட்டை ஓட்டைக்குள்ளேயே நின்றது, வட்டமாக. அதன் மேல் சிக்கன், வெங்காயம், சாஸ், மேல் டோனட். கத்தியால் பாதி வெட்டித் தூக்கிக் காட்டினேன். ஒரு சொட்டு கீழே விழவில்லை.

கண்ணாடிப் பெண்ணுக்குத்தான் முதல் பாதி. அவள் தின்றுகொண்டே ஏதோ சொன்னாள், கை தட்டலில் கேட்கவில்லை.

அடுப்பை அணைத்தேன். ஏப்ரனை அவிழ்த்து மடித்து மேசை மேல் வைத்தேன். செ. முகத்தைப் பார்க்கவில்லை. டவுன் பஸ் பிடித்து வீடு.

அருளிடம் சொன்னதும், "வேல போச்சா?" என்றார். போச்சு என்றேன். "அந்த பர்கர ஒண்ணு செஞ்சு குடு, பாப்பம்," என்றார். இத்தனை மாதம் கழித்து. இன்றைக்குத்தானா கேட்க வேண்டும்?

ஆகஸ்ட் 24, ஞாயிறு

பூசைக்குப் போனேன். பிரசங்கம் மன்னிப்பைப் பற்றி. சாமியாருக்கு யார் சொன்னார்கள்?

மன்னிக்கலாம். கேட்க வேண்டாமா முதலில்?

ஃபோனில் செ. நான்கு தடவை. எடுக்கவில்லை.

ஆகஸ்ட் 26, செவ்வாய்

வேலைக்குப் போகாமல் இரண்டாவது நாள். வீட்டில் பெருக்குவதற்கு இனி ஒன்றும் மிச்சமில்லை.

பதினோரு மணிக்கு செ., மகா இரண்டு பேரும் வாசலில். ஆப்பிள், ஹார்லிக்ஸ். நான் ஆஸ்பத்திரியில் படுத்திருக்கிற மாதிரி. உட்காரச் சொன்னேன், காபி கொடுத்தேன். மகா அவனை முழங்கையால் இடித்தாள். "சொல்லுங்க."

"நான் சொன்னது தப்புதாங்க்கா. மன்னிச்சுடுங்க. நாளைலேந்து வாங்க. நேத்து பர்கர் கேட்டு வந்தவங்கள திருப்பி அனுப்பிட்டோம். நான் போட்டுக் குடுத்தத ஒருத்தர் அப்பிடியே வச்சுட்டுப் போய்ட்டாரு."

குரல் இறங்கித்தான் இருந்தது. நிஜமாகவே வெட்கப்படுகிறான் என்று தெரிந்தது. இரண்டு நாள் முன்பாக இருந்தால் கரைந்திருப்பேன்.

"தம்பி, நீ எங்க சொன்ன அத?"

"எதுங்க்கா?"

"நீயே கண்டுபிடிச்சேன்னு. ஊர் பூரா பாக்கற மாதிரி சொன்ன. மன்னிப்ப மட்டும் என் வீட்டு ஹால்ல வந்து சொல்ற. எங்க சொன்னியோ அங்க சொல்லு."

"அக்கா, அப்பிடிச் சொன்னா என் மானம் போயிடுங்க்கா."

"என் கையக் காட்டி மூஞ்ச வெட்டுனப்ப என் மானம்?"

அவன் தலை குனிந்துகொண்டான். மகாதான் எழுந்தாள். "அக்கா கேக்கறது நியாயம். வாங்க போலாம்," என்றாள் அவனிடம். ஹார்லிக்ஸை விட்டுவிட்டுப் போனார்கள். ஜெனிக்குப் பிடிக்காத ஃபிளேவர்.

போன பிறகு பயமாக இருந்தது. அருள் சம்பளம் மட்டும் போதாது. இவ்வளவு வீம்பு வேண்டுமா என்று மத்தியானம் முழுக்க. ஆனால் சொன்னதைத் திருப்பி எடுக்கவில்லை.

ஆகஸ்ட் 29, வெள்ளி

நல்ல மழை, முதல் தடவையாக. மாடித் தண்ணீர் உள்ளே வந்தது, சாக்கு போட்டேன். டிவியில் வேளாங்கண்ணிக் கொடியேற்றம்.

ஜெனி பள்ளிக்கூடத்திலிருந்து வந்ததும் பையைக்கூட இறக்கவில்லை. "அம்மா, போட்டுட்டாரும்மா."

செ. தானே ஃபோனைப் பிடித்து எடுத்திருக்கிறான். பின்னால் எங்கள் அடுப்பு, துடைக்காமல். முகமெல்லாம் வியர்வை. "வணக்கம். டோனட் பர்கர நான் கண்டுபிடிச்சேன்னு சொன்னேன். அது பொய். அத செஞ்சது எங்க கிச்சன்ல இருக்கற ரெஜினா அக்கா. போன வீடியோல நீங்க பாத்தது அவங்க கை. சாரிக்கா." அவ்வளவுதான். அரை நிமிஷம்கூட இல்லை.

மூன்று தடவை பார்த்தேன். அருள் ஒரு தடவை பார்த்துவிட்டு, "ஆம்பளதான்," என்றார். கண்டுபிடித்தது என்று சொல்லவில்லை, செஞ்சது என்று சொல்லியிருக்கிறான். மேடையில் நான் சொன்னதைக் காதில் வாங்கியிருக்கிறான்.

நாளைக்கு வருகிறேன் என்று மகாவுக்கு மெசேஜ். ஆறரை பஸ்.

வீடியோவுக்குக் கீழே என்ன எழுதியிருக்கிறார்கள் என்று ஜெனி படித்துக் காட்டினாள். "அக்கா கெத்து." "சாரி கேட்ட மனசு இருக்கே." ஒருவர், சேத்தியாத்தோப்பாம்: "யார் செஞ்சா என்ன, நான் சாப்பிட்டேன், சாஸ் கம்மி."

சாஸ் கம்மியா? அதற்கு மேல் ஒரு கரண்டி ஊற்றினால் பாகின் ருசி செத்துப் போகும். புளி மட்டும்தான் நாக்கில் நிற்கும். நான்கு அளவு பார்த்துதான் அந்த ஒன்றரை ஸ்பூனில் நிறுத்தினேன். வந்தோமா, தின்றோமா, வாய்க்கு வந்ததை எழுதினோமா.

ஜெனியிடமிருந்து ஃபோனை வாங்கினேன். அவருக்குக் கீழேயே, ஒற்றை விரலால், ஒவ்வொரு எழுத்தாகத் தேடித் தட்டினேன்:

"சாஸ் சரியான அளவுதான். ரெஜினா, கடலூர் முதுநகர்."