காரின் அனுப்பாத பத்துப் பக்கங்கள்

17 ஜனவரி 1957
பள்ளி விட்டு வந்தால் ஸ்டாக்ஹோமிலிருந்து கனமான உறை. தோழி காரினின் புதிய திரைக்கதை, எனக்காகப் பிரெஞ்சில் தட்டச்சு செய்தது. வழக்கம்போல் கடைசிப் பத்துப் பக்கங்கள் இல்லை. கொலையாளி யாரென்று நான் எழுத வேண்டும். சரியாகச் சொல்லிவிட்டால் கதையை மாற்றுவாள். போர் முடிந்ததிலிருந்து ஒன்பது படங்கள் இப்படித்தான். ஒன்றைக்கூட நான் பார்த்ததில்லை.

கூடவே சின்னக் கடிதம். கிறிஸ்துமஸுக்கு முன் அவள் அம்மா இறந்துவிட்டாளாம். முந்தைய இரண்டு படங்களும் ஓடவில்லை. இதுவும் போனால் ஸ்டுடியோ அவளை வைத்துக்கொள்ளாது.

18 ஜனவரி
வகுப்பில்கூட பாரிஸ் நினைவுதான். 1931. அப்பா சைகோனில் பிரெஞ்சு சுங்கத்தில் இருந்ததால் அங்கே படிக்க எனக்குக் கிடைத்த மூன்று வருடங்கள். பக்கத்து அறையில் காரின். மலிவான பகல்காட்சிக்குப் போவோம். இடைவேளையில் டிராம் டிக்கெட்டின் பின்புறம் கொலையாளி யாரென்று ஆளுக்கொரு பெயர் எழுதுவோம். எப்போதும் நான்தான் ஜெயிப்பேன். ஒருநாள் கோபித்துக்கொண்டு, உன்னை ஏமாற்றுகிற கதையை நானே எழுதுகிறேன் பார் என்றாள். தன் தொழில் அன்றுதான் தொடங்கியது என்பாள். நான் நம்புவதில்லை. கேட்கப் பிடிக்கும்.

20 ஜனவரி
சர்ச்சில் ஞாயிறு பூசை முடிந்து வந்ததும் பத்ருன்னிசா வந்தாள். பக்கத்து வீடு; கணவர் சிங்கப்பூரில் வியாபாரம். காரினின் கதைகளை நான் தமிழில் சொல்லக் கேட்பவள் இவள் ஒருத்திதான். முப்பதாம் பக்கத்தில் கொட்டாவி விட்டாள்.

"டாக்டர்தானே டீச்சர்? எல்லாரும் அழுவுறாங்க, அவன் மட்டும் சன்னலச் சாத்துறான். இதுக்கு இன்னும் அறுவது பக்கமா?"

நான் பன்னிரண்டாம் பக்கத்திலேயே கண்டுபிடித்திருந்தேன்.

"உள்ளத எழுதிடுங்க. அதுக்குத்தானே அனுப்புறா," என்றாள் போகும்போது.

23 ஜனவரி
எழுதிவிட்டேன். கண்டுபிடிக்க முடியவில்லை, தோட்டக்காரன்மேல் சந்தேகம் என்று.

எனக்கு நானே சொல்லிக்கொண்டேன்: "அவ அம்மா செத்து நாப்பது நாள்கூட ஆகல. துக்க வீட்டுச் சாப்பாட்டுல உப்பில்லன்னு யாராவது சொல்லுவாங்களா?" இருபத்தைந்து வருடத்தில் அவளிடம் நான் சொன்ன முதல் பொய்.

24 ஜனவரி
தபாலில் சேர்த்தேன்.

9 செப்டம்பர்
படம் வெளியாகிவிட்டது. பத்திரிகை விமரிசனத்தை மொழிபெயர்த்து அனுப்பியிருக்கிறாள். டாக்டர் சன்னலைச் சாத்தியதும் அரங்கமே சிரித்ததாம். ஸ்டுடியோ அவளை வேலையை விட்டு அனுப்பிவிட்டது. அடியில் ஒரு வரி: "தோட்டக்காரன் என்று சந்தேகப்பட்டாயா? நீயா?"

10 செப்டம்பர்
உண்மையை எழுதினேன். ஏன் என்பதையும். தாளில் பார்த்தால் எவ்வளவு அற்பமாக இருக்கிறது.

28 அக்டோபர்
பதில் வந்தது. மூன்றே வரி.

"அம்மா இறந்தபின் எல்லோரும் என்னிடம் இதமாகவே பேசினார்கள். நீயாவது அப்படிப் பேசமாட்டாய் என்றுதான் அனுப்பினேன். வேறொன்றுமில்லை."

17 ஆகஸ்ட் 1958
பத்து மாதம் கழித்துக் கடிதம். வேறொரு ஸ்டுடியோவில் படம் செய்திருக்கிறாள், நன்றாக ஓடுகிறதாம். மாடியில் குடியிருக்கும் பல் மருத்துவர்தான் இப்போது அவள் கதைகளைப் படித்துப் பார்க்கிறார். கடுமையான மனிதர், மூன்று முறை மாற்ற வைத்தார் என்று பெருமையாக எழுதியிருக்கிறாள்.

என் முழங்கால் வலியை விசாரித்திருக்கிறாள். ஐம்பது நெருங்குகிறதே, வெயிலில் அலையாதே என்கிறாள். எல்லாம் மிக இதமாக, பார்த்துப் பார்த்து எழுதியது.

உறையைக் கண்டு பத்ருன்னிசா பாயை விரித்து உட்கார்ந்துவிட்டாள்.

"கதை வந்திருக்கா டீச்சர்?"

கடிதம்தான் என்றேன்.