அது அருள் இல்லை, அம்மா

வாயாடி, வாயாடி என்று திட்டித் திட்டியே என்னை வளர்த்த என் அம்மாவுக்கு,

அந்த வாயை இந்த வாரம் நன்றாகவே பயன்படுத்திவிட்டேன். அதைச் சொல்லத்தான் எழுதுகிறேன். நீ இருந்திருந்தால் "பெரியவங்ககிட்ட இப்படியா பேசுவ?" என்று தலையில் ஒரு குட்டு வைத்திருப்பாய். பரவாயில்லை. பேசியதில் ஒரு வார்த்தையைக்கூடத் திரும்ப எடுப்பதாக இல்லை.

தம்போய் வீடு அப்படியேதான் இருக்கிறது. நான் இன்னும் அதே லாரிப் பட்டறையில் கவுண்டரில் உட்கார்ந்து பிரேக் பேட் விற்கிறேன். நீ போன பிறகு உன் தங்கச்சியை, என் சின்னம்மாவை, பெக்கான் நானாஸிலிருந்து கூட்டி வந்து உன் அறையில் வைத்திருக்கிறேன். வந்த அன்று அவர் பையைப் பிரித்து அடுக்கும்போது என் கை நின்றுவிட்டது. உன் தலையணைக்குக் கீழே எப்போதும் இருக்குமே, அதே சின்ன பிளாஸ்டிக் உறை. அதே கிளினிக் முத்திரை. நீதான் ஒருமுறை அவரை அங்கே கூட்டிப் போனாயாம். "நம்ம ஆளு, நல்லா பாப்பாரு" என்றாயாம்.

நம்ம ஆளு. நல்லாத்தான் பார்த்தார்.

அப்பா இறந்த பிறகு உனக்குத் தூக்கம் வரவில்லை. யாருக்குத்தான் வரும்? அந்த டாக்டர் ஒரு மாத்திரை கொடுத்தார். உறையில் மருந்தின் பெயர்கூட இல்லை, தூக்கத்துக்கு என்று மலாயில் ஒரு வரி மட்டும். தீர்ந்ததும் போனாய். அப்புறம் டாக்டரைப் பார்க்கவே தேவையில்லாமல் போயிற்று. கவுண்டர் பெண் உன் முகத்தைப் பார்த்ததும் உறையை எடுத்து வைத்துவிடுவாள். அப்படியே வருடங்கள் ஓடின. ஒன்று இரண்டானது. தீபாவளிக்குத் தீபாவளி அந்த மனிதருக்கு முறுக்கு சுட்டுக் கொண்டுபோய்க் கொடுத்தாய். அதை நினைத்தால்தான் எனக்கு இன்னும் வயிறு எரிகிறது.

காலையில் சுவரைப் பிடித்துக்கொண்டு நடந்தாய். அடுப்பில் வைத்ததை மறந்தாய். என்னைச் சின்னம்மா பெயர் சொல்லிக் கூப்பிட்டாய். குளியலறையில் விழுந்தாய். "வயசாச்சுல்ல" என்று எல்லாரும் சொன்னார்கள். வயதின் மேல் பழியைப் போட்டுவிட்டால் யாரும் எதையும் யோசிக்க வேண்டாம் பார். மாத்திரையின் பெயரை ஒருவரும் எடுக்கவில்லை.

அதற்குப் பிறகு உன் அண்ணன் வந்தார். பெரிய மாமா. கோயில் கமிட்டி, கையில் எப்போதும் மைக். போன வருடத் தைப்பூசத்துக்கு நீ பால்குடம் எடுக்கிறேன் என்று சொன்னதும் அவருக்குப் பெருமை தாங்கவில்லை. விரதம் தொடங்கிய அன்று வீட்டுக்கு வந்து உன் உறையைப் பார்த்தார்.

"இது போதை மாத்திரைம்மா. இதப் போட்டுக்கிட்டு முருகன் முன்னாடி நிக்கலாமா? விரதம்னா சுத்தமா இருக்கணும்."

அப்படியே வாசல் சாக்கடையில் கொட்டினார். "அண்ணன் சொன்னா சரியாத்தான் இருக்கும்" என்று நீ சிரித்தாய். அண்ணன் வார்த்தையை நீ என்றைக்குத் தட்டினாய்?

உனக்குத் தூக்கம் அடியோடு போயிற்று. வேர்த்துக் கொட்டியது. டம்ளரைப் பிடித்தால் கை ஆடியது. சுவரில் எறும்பு ஊர்கிறது என்று துடைத்துக்கொண்டே இருந்தாய், அங்கே ஒன்றுமில்லை. டாக்டரிடம் போகலாம் என்று நான் கூப்பிட்டேன். "விரதம் வேலை செய்யுது, உடம்பு சுத்தமாகுது, நீ குறுக்க வராத" என்றார் மாமா. நீயும் அதையே திருப்பிச் சொன்னாய்.

தைப்பூசத்தன்று நான் காரை நிறுத்திவிட்டு வருவதற்குள் உன்னைச் சுற்றிக் கூட்டம் கூடிவிட்டது. பால் தரையில் கொட்டிக் கிடந்தது. இரண்டு பேர் உன்னைத் தாங்கிப் பிடித்திருந்தார்கள். உன் உடம்பு உதறிக்கொண்டிருந்தது, கண் மேலே செருகியிருந்தது. உறுமி மேளக்காரர்கள் இன்னும் வேகமாக அடித்தார்கள். "வேல் வேல்" என்று சத்தம். மாமா உன் நெற்றியில் திருநீற்றை அள்ளிப் பூசிவிட்டு, குனிந்து கேட்டுக்கொண்டிருந்தார்.

"யாரு வந்திருக்கீங்க? சொல்லுங்க. யாரு?"

யாரும் வரவில்லை அம்மா. போனது நீதான். நான் கூட்டத்தைப் பிளந்துகொண்டு வந்தேன். "அருள் வந்திருக்கு, தொடாத" என்று என் கையைப் பிடித்து இழுத்தார்கள். அந்த இழுபறியில்தான் பிடி நழுவி நீ சாய்ந்தாய், கல்படியில் உன் தலை அடிபட்டது. நீ வீட்டுக்குத் திரும்பவே இல்லை.

ஆஸ்பத்திரியில் ஒரு டாக்டர் என்னையும் மாமாவையும் உட்காரவைத்துக் கேட்டார். என்ன மாத்திரை, எவ்வளவு காலம், எப்போது நிறுத்தினீர்கள்? எல்லாவற்றையும் கேட்டுவிட்டுச் சொன்னார். வருடக்கணக்கில் சாப்பிட்டால் மூளை அதற்குப் பழகிவிடுமாம். ஒரேயடியாக நிறுத்தினால் உடம்பு நடுங்கும், இல்லாதது கண்ணுக்குத் தெரியும், வலிப்பு வரும், உயிரே போகலாம். தடுமாற்றமும் மறதியும் பாதிக்கு மேல் அந்த மாத்திரையின் வேலையாகவே இருந்திருக்கும் என்றார். மாமா எல்லாவற்றுக்கும் தலையாட்டினார்.

அப்படித் தலையாட்டிய மனிதர் கருமாதி வீட்டில் என்ன சொன்னார் தெரியுமா? "என் தங்கச்சி புண்ணியவதி. அருள் வந்து முருகன் காலடியிலயே போயிட்டா." ஊரே வாயைப் பிளந்து கேட்டது. அவருக்கு மாலைகூடப் போட்டார்கள். அன்றைக்கு நான் முடிவு செய்தேன். உன் சாவை வைத்து இந்த மனிதரைப் பேர் வாங்க விடமாட்டேன்.

முதலில் கிளினிக்குக்குப் போனேன். டாக்டர் மூக்குக்கண்ணாடியைத் துடைத்துக்கொண்டே, "உங்க அம்மாதான் கேட்டு வாங்கிட்டுப் போனாங்க" என்றார்.

"கேட்டாங்க, குடுத்தீங்க. திடீர்னு நிறுத்துனா உயிர் போகும்னு ஒரு தடவயாவது சொன்னீங்களா டாக்டர்?"

"அவங்க நிறுத்தப் போறேன்னு எங்கிட்ட சொல்லலயே."

"நீங்கதான் அவங்கள உள்ளயே கூப்பிடலயே."

கதவைத் திறந்து வைத்துக்கொண்டுதான் இதைக் கேட்டேன். வெளியே உட்கார்ந்திருந்தவர்களில் பாதிப்பேர் கிழவன் கிழவிகள். எல்லார் காதிலும் விழட்டும் என்று இன்னும் ஒருமுறை சொன்னேன். சுகாதார அமைச்சுக்குப் புகாரும் கொடுத்திருக்கிறேன். விசாரிப்பதாகச் சொல்கிறார்கள். நான் விடுவதாக இல்லை.

சின்னம்மாவை அரசாங்கக் கிளினிக்குக்குக் கூட்டிப் போனேன். சின்ன வயதுப் பெண் டாக்டர், மலாய்க்காரர். எடுத்த எடுப்பில் நிறுத்தவில்லை. கொஞ்சம் குறைத்து, சில வாரம் அப்படியே வைத்துப் பார்த்து, பிறகு இன்னும் கொஞ்சம். படபடப்பு வந்தால் அவசரமில்லை, அதே அளவில் நிற்கலாம். நாமாக ஏற்றவும் கூடாது, இறக்கவும் கூடாது. தூக்கம் வரவைக்கிற இருமல் மருந்தைக்கூடக் கேட்காமல் குடிக்கக் கூடாது. மலையிறக்கத்தில் லாரியைக் கியர் கியராக இறக்குகிற மாதிரி என்று எனக்கு உடனே புரிந்தது. "பெலான் பெலான், மக்சிக்", அதாவது மெதுவாக மெதுவாக, ஆன்ட்டி, என்று அவர் சொன்னது சின்னம்மாவுக்கு ரொம்பப் பிடித்துவிட்டது. இப்போது சோறு வடிக்கும்போதுகூடப் பெலான் பெலான்தான்.

மாதங்கள் ஆகின்றன. நடுவில் கொஞ்ச நாள் அழுதார், எரிந்து விழுந்தார், தூங்காமல் தவித்தார். அதுவும் கடந்தது. இப்போது சுவரைப் பிடிக்காமல் நடக்கிறார். நான் ஒளித்து வைக்கிற பக்கோடாவைக் கண்டுபிடித்துவிடுகிறார். சந்தோஷமாகத்தான் இருக்கிறது, ஆனால் பார்க்கும்போதெல்லாம் ஒரே கேள்விதான். நீயும் இப்படித் திரும்பி வந்திருப்பாயா அம்மா?

நீ கீழே போட்ட பால்குடத்தை இந்த வருடம் தானே எடுக்க வேண்டும் என்று சின்னம்மா நேர்ந்துகொண்டார். மாமா காதுக்கு அது போயிற்று. நேராக வீட்டுக்கு வந்து, சோபாவில் உட்கார்ந்து, அதே குரலில் ஆரம்பித்தார்.

"மாத்திரய இன்னைக்கே நிறுத்திடு. உன் அக்காவ நினைச்சுப் பாரு, எவ்வளவு சுத்தமா போனா."

சின்னம்மாவின் கை மேசைமேல் இருந்த மாத்திரையைத் தள்ளிவைக்கப் போனது. பார்த்துக்கொண்டே இருந்தேன் அம்மா. அண்ணன் சொன்னால் உன் வீட்டுப் பெண்களுக்குக் கை தானாக நகர்ந்துவிடும் போல. நான் அந்தக் கையைப் பிடித்துக்கொண்டேன்.

"மாமா, காப்பு கட்டுற அன்னைக்கு மைக்குல நீங்க ஒரு அறிவிப்பு செய்யப் போறீங்க. தூக்க மாத்திரை சாப்பிடுறவங்க யாரும் விரதத்துக்காகத் திடீர்னு நிறுத்தாதீங்க, டாக்டரப் பாருங்கன்னு. நீங்க சொல்லலன்னா மைக்க நான் பிடுங்குவேன். அப்ப என்ன பேசுவேன்னு எனக்கே தெரியாது."

இந்த வாரம் காப்பு கட்டினார்கள். கோயில் நிறைய ஜனம். மாமா மைக்கில் வண்டி எண்களைச் சொல்லி நகர்த்தச் சொன்னார், அன்னதானம் பற்றிச் சொன்னார், கடைசியில் அந்த அறிவிப்பையும் சொன்னார். வேகமாக, வண்டி எண் மாதிரியே. சொல்லிவிட்டு மைக்கை அணைக்கப் போனார்.

"ஏன்னு சொல்லுங்க மாமா" என்றேன். நான்தான் வாயாடியாயிற்றே, எனக்கு எதற்கு மைக்? "அப்படி நிறுத்தி இங்க ஒருத்தங்க செத்தாங்களே. யாரு? சொல்லுங்க. யாரு?"

மாமா என்னைப் பார்த்தார். வரிசையில் நின்ற சின்னம்மாவைப் பார்த்தார். சின்னம்மா தலை குனியவில்லை.

"என் தங்கச்சி" என்றார்.

"அது அருளா?"

"இல்ல."

"மாத்திரயக் கொட்டுனது யாரு?"

மாமா மைக்கை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டார்.

"நான்தான்."

அவர் அழுதார். எனக்குக் கொஞ்சமும் இரக்கம் வரவில்லை. பழி வாங்கினால் மனம் ஆறும் என்கிறார்கள். பொய். நல்லா இருந்தது, ஆனால் ஆறவில்லை. கூட்டம் கலையும்போது ஒரு தாத்தா சட்டைப்பையிலிருந்து ஒரு பிளாஸ்டிக் உறையை எடுத்து மாமாவிடம் நீட்டி, "ஐயா, இதுவும் அந்த மாத்திரதானா?" என்று கேட்டார். மாமா என்னைக் கைகாட்டினார். அடுத்த வாரம் அந்தத் தாத்தாவையும் அரசாங்கக் கிளினிக்குக்குக் கூட்டிப் போகிறேன்.

உன் அண்ணனை நீ மன்னித்துக்கொள், அது உனக்கும் அவருக்கும் உள்ள விஷயம். நான் மாட்டேன். ஆனால் ஒன்று சத்தியம் செய்கிறேன். ஒவ்வொரு வருடமும் காப்பு கட்டுகிற அன்று அவர் கையில் மைக்கைக் கொடுத்துவிட்டு முன்னால் போய் நிற்பேன். யாரு என்று கேட்பேன். அவர் சாகிற வரைக்கும் உன் பெயரைச் சொல்லவைப்பேன்.

உன் தங்கச்சியைப் பத்திரமாகப் பார்த்துக்கொள்ளும்,
உன் வாயாடி மகள்