நோவு, பத்துக்கு இரண்டு

அக்கா,

நேற்று வால்தம்ஸ்டோவில், எங்கள் ஜிபி டொக்டரின் வாசலுக்கு முன்னால் இருக்கும் பஸ் ஸ்டொப்பில் நின்றேன். பக்கத்தில் நடுவயது ஆள் ஒருவன், ஒரு கையில் ஃபோன், மற்றக் கையில் சுருட்டு. கஞ்சா மணம் குப்பென்று வந்தது. அவன் ஒரு ஃபோமும் நிரப்பியிருக்க மாட்டான், ஒருவரிடமும் கடிதம் கேட்டு நின்றிருக்க மாட்டான். ஆனால் எனக்குக் கோபம் வந்தது அவன்மேல் இல்லை, உங்கள்மேல்தான். நீங்கள் போன பிறகு வரும் இரண்டாவது குளிர்காலம் இது. இன்னும் ஆறவில்லை.

பள்ளிக்கூடச் சமையலறையில் பதினொரு வருடம் நாங்கள் பக்கத்தில் பக்கத்தில் நின்று வேலை செய்தோம். முதுகில் ஒபரேஷன் செய்த பிறகு உங்கள் இடது காலுக்குள் நரம்பு நோவு இறங்கிவிட்டது. இருந்தால் எழும்ப வேண்டும், எழும்பினால் இருக்க வேண்டும். வேலையை விட்டீர்கள், கடைக்குப் போவதை விட்டீர்கள், அதெல்லாம் உங்களுக்குப் பெரிதாகப் படவில்லை. சேர்ச்சில் ஞாயிற்றுக்கிழமைப் பூசைதான் மனதைப் போட்டு அரித்தது. பிரசங்கம் தொடங்க முன்பே எழும்பிப் போய்ப் பின்சுவரோடு சாய்ந்து நிற்பீர்கள். "ஒரு பூசையை முழுசா இருந்து பாக்க வேணும், பிள்ளை. வேற ஒண்டும் நான் கேக்கேல்லை" என்றீர்கள். முருகனைக் கும்பிடுகிற நான் உங்கள் பூசைக்காக ஓடித் திரிந்தது அதனால்தான்.

அமெரிக்காவில் இருக்கும் என் மச்சாள்தான் முதலில் சொன்னாள். "இஞ்ச நோவுக்கு எண்டு ஸ்டேட்டே கஞ்சாக் கார்ட் குடுக்குது. அங்கயும் ஒண்டு எடுத்துக் குடுங்கோவன்." விசாரித்தால் லண்டனில் அப்படி ஒரு கார்ட் கிடையாது. ஸ்பெஷலிஸ்ட் டொக்டர் எழுதித் தர வேண்டும். அதற்குத் தனியார் கிளினிக் ஒன்றுக்கு விண்ணப்பிக்க வேண்டும். இரண்டு மருந்தாவது எடுத்துப் பார்த்தும் சரிவரவில்லை என்று ஜிபியின் பதிவில் இருக்க வேண்டும். கஞ்சா என்ற சொல்லைக் கேட்டதுமே நீங்கள் நெற்றியில் சிலுவை போட்டுக்கொண்டீர்கள். "கோயில் சனம் என்ன சொல்லும்?" இது புகை இல்லை அக்கா, எண்ணெய், நாக்குக்குக் கீழே சொட்டுச் சொட்டாக விடுவது என்று விளங்கப்படுத்தவே எனக்கு ஒரு மாதம் போனது.

பதிவு கிடைக்கும், அனுப்பினால் காரியம் முடிந்தது என்று நினைத்தேன். எனக்கென்ன தெரியும்? ஒரு குளிசை தலையைச் சுற்ற வைத்தது, மற்றது வயிற்றைப் புரட்டியது. இரண்டையும் இரண்டு கிழமையில் நிறுத்திவிட்டீர்கள். அது எனக்குத் தெரியும், உங்கள் மேசை லாச்சியில் பிரிக்காமல் கிடந்த பெட்டிகளுக்குத் தெரியும். ஜிபிக்கு மட்டும் தெரியாது. ஆறு வருடப் பதிவு முழுக்க ஒரே பல்லவி. நோவு பத்துக்கு இரண்டு. குளிசை ஒத்துக்கொள்கிறது. மிகவும் நன்றி சொன்னார்.

கிளினிக் மறுத்துவிட்டது. மறுக்காமல் என்ன செய்வார்கள்? நோவே இல்லாத மனுசிக்கு மருந்து எதற்கு?

உங்கள் வீட்டுக்கு வந்து கத்தினேன். அழுத பிள்ளைதான் பால் குடிக்கும், உங்களுக்கு அழவும் தெரியாதா என்று கேட்டேன். "நல்ல பிள்ளை அந்த டொக்டர். அவ தந்த மருந்து சரியில்லை எண்டு முகத்துக்கு நேர எப்பிடிச் சொல்லுறது?" என்றீர்கள். குரோய்டனில் விசாவுக்கு வரிசையில் நின்ற காலத்தில் பழகிய 'தாங்க்யூ', உங்கள் வாயை விட்டுப் போகவே இல்லை. விருந்து வீட்டில் "காணும், காணும்" என்று இலையைக் கையால் மறிப்பது போல டொக்டரையும் மறித்திருக்கிறீர்கள்.

"சரி, அது ஏன் இரண்டு?" என்று கேட்டேன். அப்போதுதான் உங்கள் குரல் தணிந்தது. "சண்டை நேரம் ஊர் ஆஸ்பத்திரியில நிண்டு வேலை செய்தனான். மயக்க மருந்தில்லாமல் கால் எடுத்த சனத்தைப் பாத்தனான். பத்து எண்டது அவையின்ர, பிள்ளை. அதுக்குக் கிட்டப் போக எனக்கு ஏலாது."

எனக்குக் கோபம் மட்டும் கூடியது.

டொக்டரிடம் நேரில் போய்ப் பதிவைத் திருத்துவது என்று முடிவெடுத்தோம். பஸ்ஸில் மூன்று தரம் உங்களுக்குப் பாடம் சொல்லித் தந்தேன். எட்டு, அக்கா, எட்டு. "ஓம் ஓம்" என்று தலையாட்டினீர்கள். உள்ளே போய் இருந்ததும் டொக்டரிடம் அவளுடைய குழந்தையைப் பற்றி விசாரித்தீர்கள். நோவு எவ்வளவு என்று அவள் கேட்க, நான் எட்டு என்றேன். நீங்கள் இடையில் பாய்ந்து, "நோ நோ டொக்டர், ஒன்லி டூ" என்றீர்கள்.

கதிரைக்குக் கீழே உங்கள் காலில் ஒரு மிதி விட்டேன். வந்த ஆத்திரத்தில் எது இடது, எது வலது என்று பார்க்கவில்லை. "யேசுவே" என்று நீங்கள் போட்ட சத்தம் வெளியில் இருந்தவர்களுக்கும் கேட்டிருக்கும். டொக்டர் கீபோர்டிலிருந்து கையை எடுத்துவிட்டு உங்கள் முகத்தையே பார்த்தாள். கண்ணீர் ஓடிக்கொண்டிருந்தது. உண்மையாக எவ்வளவு என்று மெதுவாகக் கேட்டாள். "எயிட்" என்றீர்கள். எவ்வளவு காலமாக? "ஆறு வருசம்." அதை நான்தான் ஆங்கிலத்தில் சொன்னேன். அந்த மிதிக்கு நான் உங்களிடம் மன்னிப்புக் கேட்டேனா என்று இன்றைக்கும் நினைவில்லை. இப்போது கேட்கிறேன்.

டொக்டர் எல்லாவற்றையும் திருத்தி எழுதினாள். மறுபடி விண்ணப்பித்தோம். மருந்து வந்தது, சின்னக் கறுப்புப் போத்தல். இரண்டு மாதம் கழித்து என் குசினியிலிருந்து கிளினிக்கோடு வீடியோவில் கதைத்தீர்கள். நோவு எவ்வளவு என்று கேட்டார்கள். "டூ" என்றீர்கள். எனக்குத் தலை வெடித்தது. திரும்பவும் தொடங்கிவிட்டீர்களா என்று அவர்களுக்கும் கேட்கும்படி கத்தினேன். நீங்கள் சிரித்தீர்கள். "இது மெய்யான ரெண்டு, பிள்ளை." நான் நம்பவில்லை. நம்பாமல்தான் அந்த ஞாயிறு பூசைக்கு வந்து உங்களுக்குப் பின் வரிசை வாங்கில் இருந்தேன். பிரசங்கம் முடிந்தது, சுவாமியாரிடம் போய் நன்மை அப்பம் எடுத்து வந்தீர்கள், கடைசிப் பாட்டும் பாடி முடிந்தது. பின்சுவர் வெறுமையாகவே இருந்தது. அப்படி ஏழு ஞாயிறு. பிறகு உங்கள் இதயம், எங்கள் ஒருவரையும் கேட்காமல் நின்றுவிட்டது. ஆறு வருடம் முன்னால் வாயைத் திறந்திருந்தால் எத்தனை ஞாயிறு இருந்திருக்கும், அக்கா?

நேற்று ஏன் அந்த ஸ்டொப்பில் நின்றேன் என்று இன்னும் சொல்லவில்லை. ஒரு வருடமாக என் மணிக்கட்டு இரண்டும் வீங்கி நோகிறது. இப்போது தேத்தண்ணிக் கோப்பையைப் பிடிக்க ஏலாது. உங்கள் டொக்டரிடம்தான் போனேன். பத்துக்கு எவ்வளவு என்றாள். மூன்று என்றேன். அவள் எழுதவில்லை. கீபோர்டிலிருந்து கையை எடுத்துவிட்டு, உண்மையாக எவ்வளவு என்று இன்னொரு தரம் கேட்டாள். எங்கள் ஆட்களிடம் இப்போதெல்லாம் இரண்டு தரம் கேட்பதுதான் வழக்கமாம்.

ஏழு என்றேன். உங்களைத் திட்டின இந்த வாய்தான், அக்கா, முதலில் மூன்று என்றது.